ஹகரம்

எல்லை அவள் பெயருக்குள்ளேயே ஓடுகிறது.
பெலாரஸ் கடவுச்சீட்டில் யாட்விஹா,
ஜெர்மன் கடவுச்சீட்டில் யாட்விகா.
"ஓர் எழுத்துதானே" என்றார்
பிரேமன் நகராட்சியில் சான்றிதழ் தந்த எழுத்தர்.
அவளும் சிரித்தாள்.
கூடவே ஒரு தொட்டிச் செடி கொடுத்தார்கள்.
நான் டிராம் ஓட்டுநர் சீருடையோடு போயிருந்தேன்,
மதிய ஷிப்டுக்கு நேரமாகிறதென்று
படம் எடுக்கக்கூட விடாமல் இழுத்து வந்தேன்.

கிரோட்னாவில் அவள் அம்மாவுக்குக் கண் அறுவை.
பத்து நாள் என்றாள்.
வார்சா வழியாக பஸ்.
எல்லையில் போனை வாங்கித் துழாவினார்கள்.
மூன்று வருடத்துக்கு முந்தைய ரசீது ஒன்று அகப்பட்டது:
பதினொரு யூரோ.
வேலைநிறுத்தம் செய்து வேலை இழந்தவர்களின்
பிள்ளைகளுக்குக் குளிர்காலக் காலணி.
தீவிரவாதத்துக்கு நிதி என்றது குற்றப்பத்திரிகை.
ஆறு வருடம்.

ஒரு யூரோவுக்கு எத்தனை நாள் என்று
தூங்காத இரவொன்றில் வகுத்துப் பார்த்தேன்.
நூற்றுத் தொண்ணூற்றொன்பது.
மீதி ஒரு நாள்.
லீப் வருடத்தைக் கணக்கில் சேர்க்கவில்லை.
அந்த மீதி ஒரு நாள் எதற்கென்று
இன்னமும் யோசிக்கிறேன்.

நம் தூதரகம் எழுதிக் கேட்டது.
பதில் வர ஏழு வாரம்:
யாட்விகா என்று எங்களிடம் யாரும் இல்லை.
எழுத்தை மாற்றி மறுபடி எழுதினார்கள்.
யாட்விஹா இருக்கிறாள்,
அவள் எங்கள் பிரஜை, உங்களுக்கு என்ன?

தூதரகத்து அம்மையார் ரைன்ஹில்ட் ஆஸ்முஸ்
சிறை வாசலில் ஒரு பொட்டலத்தோடு
மூன்று மணி நேரம் நின்றிருக்கிறார்.
கம்பளிக் காலுறை, பூண்டு, பல்பொடி.
பூண்டை மட்டும் வாங்கிக்கொண்டார்களாம்.
இதைப் போனில் சொல்லும்போது
அவர் குரலில் ஒரு வெற்றி இருந்தது.
நானும் சந்தோஷப்பட்டேன், பூண்டுக்காக.

"இரண்டு பாஸ்போர்ட் என்றால்
இரண்டு குடை என்று நினைத்தேன்"
என்கிறான் கேன்டீனில் டீட்மார்.
நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.
ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால்.
இழுத்தது சேறு.
ஆறு, நான் சும்மா சொல்லக் கூடாது,
மிகுந்த கவலையோடு
ஓடிக்கொண்டிருக்கிறது.

மருத்துவக் காப்பீட்டிலிருந்து கடிதம்:
ஆறு மாதத்துக்கு மேல் வெளிநாட்டில் இருக்கிறீர்கள்,
காரணத்தைக் குறிக்கவும்.
படிப்பு. வேலை. ஓய்வு. மற்றவை.
'மற்றவை'க்கு எதிரே ஒரு கோடு,
என் சுண்டுவிரல் நீளம்.
படிவத்தைக் குளிர்பெட்டி மேல் வைத்தேன்.
இரண்டாவது நினைவூட்டலும்
அதன் மேலேயே இருக்கிறது.

மார்ச்சில் கைதிப் பரிமாற்றம் நடந்தது.
தொலைக்காட்சியில் விமானப் படிக்கட்டு,
இறங்கியவர்கள் பதினான்கு பேர்.
எண்ணினேன். மறுபடி எண்ணினேன்.
ஐந்தாவதாக இறங்கியவளின் நடை
அவளுடையது போலவே இருந்தது,
முகம் திரும்பும்வரை.
அந்தப் பெண் உயிரோடு வந்ததற்காக
அவள் மேல் எனக்குக் கோபம் வந்தது.
இதை யாரிடமும் சொல்லவில்லை.

ஆறாம் எண் டிராமின் கடைசி நிறுத்தம் விமான நிலையம்.
பெட்டிகளை உருட்டிக்கொண்டு எல்லாரும் இறங்கிய பின்
எனக்கு எட்டு நிமிடம் இருக்கும்.
மைக்கை அணைத்துவிட்டுப் பழகுகிறேன்.
பதினாறு வருடமும் நான் அவளை
யாட்விகா என்றே கூப்பிட்டேன்.
என் தொண்டைக்கு அதுதான் வசதி.
அவள் திருத்தியதே இல்லை.

கா என்றால்
முன்கண்ணாடியில் ஒன்றும் படிவதில்லை.
ஹா என்றால்
உள்ளங்கை அளவு மூடுபனி.
வந்த வேகத்தில் போய்விடுகிறது.
மறுபடி சொல்ல வேண்டியிருக்கிறது.

நேற்று ஒருவர் கதவைத் தட்டினார்,
கையில் பூனைக்கூண்டு.
இந்த வண்டி ஊருக்குள் போகுமா என்றார்.
போகும், ஏறுங்கள் என்றேன்.